வாய் ஓயாத டைரக்டர்

அன்றைக்கு அந்த ஹாலில் இருந்தவர்களை முதலில் சொல்லிவிடுகிறேன்.

கேமராமேன். கல்கத்தாக்காரர். தண்டவாளத்தில் ஓடும் டிராலி மேல், கேமராவோடு உட்கார்ந்திருந்தார்.

சவுண்ட் எடுக்க வந்த அமெரிக்கர். பெயர் பில். டைனிங் டேபிள் ஓரமாக, காதில் ஹெட்போனோடு.

உதவி டைரக்டர். டெல்லிப் பெண். கையில் வசனத் தாள்.

கதாநாயகி. நாற்காலியில், கேமராவுக்கு முதுகைக் காட்டி.

வீட்டுக்கார அக்கா. ஈரோட்டுக்காரர். மாடிப்படியில் உட்கார்ந்திருந்தார். சத்தம் வரக் கூடாது என்று வளையல்களைக் கழற்றி மடியில் வைத்திருந்தார்.

டைரக்டர். சோபாவில்.

நான். டிராலிக்குப் பின்னால், அதைத் தள்ளுவதற்கு.

கேமராவுக்கு இடது பக்கம், டைரக்டர் எப்போதும் நிற்கும் இடம், காலியாக இருந்தது.

டிராலி வேலைக்குப் புதிதாக வந்திருக்கிற தம்பிகள், இப்போது வந்திருக்கிற தங்கச்சிகள், உங்களுக்குத்தான் எழுதுகிறேன். பம்பாயில் பாதி, சென்னையில் பாதி என்று வேலை பார்த்துவிட்டு உட்கார்ந்திருக்கிறேன். சங்கத்து மலருக்கு எழுதச் சொன்னார்கள். நான் நாலாவது வரைக்கும் படித்தவன். நீளமாக எழுத வராது. தண்டவாளம் எப்படிப் போடுவது, மட்டம் எப்படிப் பார்ப்பது, இதெல்லாம் உங்கள் மேஸ்திரி சொல்லித் தருவார். எப்போது தள்ளக் கூடாது என்று அவர் சொல்ல மாட்டார். அது யாருக்கும் முன்கூட்டித் தெரியாது.

டைரக்டரை எனக்கு அவர் டைரக்டர் ஆவதற்கு முன்பே தெரியும். தாராவியில் அவர் வீடு ஒரு சந்து, என் வீடு அடுத்த சந்து. அவருடைய அப்பாவும் திருநெல்வேலிப் பக்கம். இவர் பம்பாயிலேயே பிறந்தவர். இந்தி சுத்தமாக வரும். நல்ல உயரம், நல்ல முடி. பெயரை மாற்றிக்கொண்டு நடிக்கப் போனார். கதாநாயகனுக்குத் தம்பி, கதாநாயகனுக்குச் சிநேகிதன், கல்யாண ஊர்வலத்தில் ஆடுகிறவன். ஒரு வரி வசனம் இருக்கும். நன்றாகச் சொல்வார்.

பிறகு ஒரு படத்தில் பெரிய வேடம் கிடைத்தது. சாகக் கிடக்கிற அண்ணனிடம் நின்று நீளமாகப் பேச வேண்டும். பேசப் பேச கேமரா அவர் முகத்துக்குப் போக வேண்டும். அன்றைக்கும் தள்ளியது நான்தான். ஒத்திகையில் பேசினார். செட்டில் இருந்தவர்கள் கை தட்டினார்கள். கேமரா ஓடியது. தள்ளினேன். பாதி வசனத்தில் நின்றுவிட்டார்.

டிராலி தள்ளுகிறவனுக்கு நடிகர் முகம் தெரியாது. கேமராவும் கேமராமேன் முதுகும் மறைக்கும். நமக்குத் தெரிவது கால்தான். அவருடைய வலது கால் கட்டைவிரல் செருப்பை விட்டு மேலே எழும்பி நின்றது. நாங்கள் மறுபடி எடுத்தோம். மறுபடி எழும்பியது. தள்ளு தள்ளு என்றார்கள். தள்ளினேன். சாயங்காலத்துக்குள் அந்த வேடத்தை வேறு ஒருவருக்குக் கொடுத்துவிட்டார்கள்.

ஸ்டுடியோ வாசலில் டீ குடித்தோம்.

“லே சுடலை, அது வாரது லாரி வார மாதிரி இருக்குலே. நான் ரோட்டு நடுவுல நிக்கேன். வசனம் எங்க இருந்து வரும்?”

“நிறுத்தச் சொல்லியிருக்கலாம்லா?”

“யார்கிட்ட? லாரிகிட்டயா?”

அவரும் சிரித்தார். அத்தோடு நடிப்பை விட்டார். ஒரு டைரக்டரிடம் உதவியாளராகச் சேர்ந்தார். பல வருஷம் கழித்து அவரே டைரக்டர் ஆனார். நான் அவரைச் சார் என்று கூப்பிட ஆரம்பித்தேன். அவருக்குப் பிடிக்கவில்லை. எனக்கும்தான். ஆனால் செட் என்றால் அப்படித்தான்.

கேமராவுக்கு அந்தப் பக்கம் வாய் வராதவர், இந்தப் பக்கம் வந்ததும் வாய் மூடவில்லை.

இதை உங்களுக்கு விளக்க வேண்டும். அப்போதெல்லாம் இந்திப் படங்களில் சத்தத்தைப் பிறகு டப்பிங் தியேட்டரில் வைத்துச் சேர்ப்பார்கள். ஷூட்டிங்கில் யார் எவ்வளவு கத்தினாலும் கவலையில்லை. உதவியாளர் வசனத்தை உரக்கப் படிப்பார். நடிகர்கள் கேட்டுக் கேட்டுச் சொல்வார்கள். நம் டைரக்டர் உதவியாளரை விடமாட்டார். எல்லார் வசனத்தையும் தானே சொல்வார். வசனம் இல்லாத இடத்திலும் சொல்வார். “இப்போ திரும்பு. மெதுவா. அவன் போயிட்டான். இனி வரமாட்டான். அழு. இன்னும். போதும், போதும், செத்தது உன் புருஷன், நீ இல்லை.” இதெல்லாம் இந்தியில். நடுவில் எனக்குத் தமிழில்: “சுடலை, வா... வா... வாலே... நில்லு.”

ஒரு தடவை சாவுக் காட்சி. அவர் கேமரா பக்கத்தில் நின்று பேசிய பேச்சில் லைட் பிடித்தவர்கள் அழுதார்கள். சாப்பாடு கொண்டுவந்தவர் அழுதார். நடிகர் மட்டும் அழவில்லை. “அவ்வளவு பேர் அழும்போது எனக்கு வெட்கமாக இருக்கிறது” என்றார் அந்த நடிகர்.

என் கால் அவர் வாய்க்குப் பழகிவிட்டது. அவர் வா என்றால் போகும், நில் என்றால் நிற்கும். நானாக யோசித்தது கிடையாது. அது சௌகரியம். சௌகரியமான இடத்தில் நீங்கள் வேலை கற்றுக்கொள்ள மாட்டீர்கள். அது பிறகுதான் தெரிந்தது.

தொண்ணூறுகளின் கடைசியில் அமெரிக்காவில் ஒரு படம் எடுக்கப் போனார். அதற்கு முன்பு அவருடைய இரண்டு படங்கள் ஓடவில்லை. புரொட்யூசர் குறைந்த ஆட்களைத்தான் கூட்டிப் போகச் சொன்னார். டிராலிக்கு அங்கேயே ஆள் கிடைப்பார்கள் என்றார். டைரக்டர் ஒத்துக்கொள்ளவில்லை. அங்கே கிடைக்கிறவனுக்கு வாலே நில்லுலே தெரியுமா என்றார். விசா கேட்கப் போனேன். என்ன வேலை என்றார்கள். கையால் தள்ளிக் காட்டினேன். சிரித்துக்கொண்டே கொடுத்துவிட்டார்கள்.

கதை சுருக்கமாக. அமெரிக்காவில் வேலை பார்க்கும் பெண். கிரீன் கார்டு பேப்பர் ஓடிக்கொண்டிருக்கிறது. நடுவில் ஊருக்குப் போனால் திரும்பி வருவது சிக்கல். ஊரில் அம்மா செத்துப்போகிறாள். சொன்னால் கிளம்பி வந்துவிடுவாள் என்று அப்பா மறைத்துவிடுகிறார். கார்டு வந்த பிறகு விமானம் ஏறி வந்து, அவள் வீட்டு சோபாவில் உட்கார்ந்து சொல்கிறார். அந்தக் காட்சிக்காகத்தான் படம்.

முதலில் சான் ஹோசே. ஒரு அபார்ட்மென்ட் வாசலில் கார் நிறுத்தும் இடம். கதாநாயகி காருக்குள் உட்கார்ந்து அழ வேண்டும். வசனம் இல்லை, சவுண்ட் வேண்டாம். டைரக்டர் வெளியே நின்று அவளுக்காக அழுதார். நெஞ்சில் அடித்துக்கொண்டார். மேலே எந்த ஜன்னலிலிருந்தோ யாரோ பார்த்துப் போலீசைக் கூப்பிட்டுவிட்டார்கள். போலீஸ்காரர் வந்தார். அழுகிற பெண்ணைத் தாண்டிப் போய் இவர் தோளில் கை வைத்தார்.

“சார், ஆர் யூ ஓகே?”

“ஐ ஆம் டைரக்டர்.”

போலீஸ்காரருக்கு அது பதிலாகத் தெரியவில்லை. கதாநாயகி கண்ணைத் துடைத்துக்கொண்டு காரிலிருந்து இறங்கி வந்தாள். இவர் தினமும் இப்படித்தான், பயப்படாதீர்கள் என்று இங்கிலீஷில் சொன்னாள். போலீஸ்காரர் தன் காரிலிருந்து டிஷ்யூ பெட்டியை எடுத்து வந்து இவர் கையில் கொடுத்துவிட்டுப் போனார். படம் முடிகிற வரைக்கும் அந்தப் பெட்டியை டைரக்டர் வைத்திருந்தார்.

பிறகு நியூ ஜெர்சி. வெஸ்ட் வின்ட்சரில் ஒரு வீடு. பேசுகிற காட்சி எல்லாம் அங்கேதான். வெளிநாட்டில் திரையிட வேண்டும், சத்தத்தை அங்கேயே எடுத்துவிடுங்கள் என்று புரொட்யூசர் சொல்லியிருந்தார். அதற்குத்தான் பில். எங்கள் யாருக்கும் அது பழக்கமில்லை.

முதல் நாள், முதல் ஷாட். நன்றாகப் போனது. கட் சொன்னதும் பில் கையைத் தூக்கினார்.

“யாரோ ஒரு ஆள் பேசுறார்” என்றார்.

எல்லாரும் டைரக்டரைப் பார்த்தோம். டைரக்டர் திரும்பி ஹாலைச் சுற்றிப் பார்த்தார். “யாரு அது?” என்று அதட்டினார்.

மறுபடி எடுத்தோம். மறுபடி அந்த ஆள் பேசினார். மூன்றாவது தடவை டைரக்டர் மஃப்ளரை வாயில் சுற்றிக்கொண்டார். மஃப்ளருக்குள்ளிருந்து முனகல் வருகிறது என்றார் பில். வீட்டுக்கார அக்கா சமையலறையிலிருந்து எட்டிப் பார்த்தார்.

“ஏனுங்க, ஊர்லருந்து வந்த கமர்கட் இருக்குதுங்க. ஒண்ணு வாயில போட்டுட்டா தெறக்க முடியாதுங்க. எங்க வீட்டுக்காரருக்கு நான் அதத்தான் குடுக்கறது.”

கொடுத்தார். பல்லில் ஒட்டிக்கொண்டது. அந்த ஷாட் முடிந்தது. அதிலிருந்து ஒவ்வொரு ஷாட்டுக்கும் அக்கா ஒரு கமர்கட்டோடு வந்து நிற்பார். டைரக்டர் வாயைத் திறந்து காட்டுவார்.

ஃபிரிட்ஜ் இரைச்சலும் ஆகாது என்றார் பில். ஷாட்டுக்கு முன்னால் அதை அணைத்துவிடுவார். திரும்பப் போட மறந்துவிடக் கூடாது என்று எங்கள் வேன் சாவியை உள்ளே வைத்துவிடுவார். சாவி வேண்டுமென்றால் ஃபிரிட்ஜைத் திறந்துதான் ஆக வேண்டும். நல்ல யோசனை. அக்காவிடம் சொல்ல மறந்துவிட்டார்.

“ஏனுங்க, என்ற இட்லி மாவுக்குள்ள சாவியப் போட்டது யாருங்க?”

அக்கா இப்படி எல்லாம் கேட்பார், ஆனால் மூன்று வேளையும் எங்களுக்குச் சுடச்சுடச் சாப்பாடு போட்டார். வீட்டுக்காரர் காலையில் பிரின்ஸ்டன் ஜங்ஷனில் ரயில் ஏறி வேலைக்குப் போனால் இருட்டின பிறகுதான் வருவார். பேச ஆள் கிடைத்ததில் அக்காவுக்குச் சந்தோஷம். நாங்கள்தான் பேசக் கூடாதவர்களாக வந்து சேர்ந்தோம்.

எனக்குத்தான் கஷ்டம். அவர் வாய் மூடினால் என் கால் ஓடாது. இதை அவரே கண்டுபிடித்தார். ஷாட்டின்போது எனக்குப் பக்கத்தில் வந்து நின்று என் சட்டை நுனியைப் பிடித்துக்கொண்டார். விட்டால் போக வேண்டும். இழுத்தால் நிற்க வேண்டும். ஒரு பட்டன் போனது. மற்றபடி நன்றாக நடந்தது.

அப்பா வேடத்துக்கு பம்பாயிலிருந்து ஒரு பெரிய நடிகர். டெக்சஸில், டாலஸில் இருந்த மகனைப் பார்த்துவிட்டு வருகிறேன் என்று முன்னாலேயே கிளம்பிப் போயிருந்தார். அங்கே பாத்ரூமில் வழுக்கி விழுந்தார். காலில் கட்டு. மகன்தான் போன் செய்தார். அப்பா இனி எழுந்து நடக்கவே இரண்டு மாதம் ஆகும் என்றார்.

கதாநாயகிக்கு பம்பாயில் வேறு படம். அவள் இரண்டு நாளில் கிளம்ப வேண்டும். பம்பாயிலிருந்து வேறு ஆள் வர நேரமில்லை. அக்காவின் வீட்டுக்காரரைக்கூட சோபாவில் உட்கார வைத்துப் பார்த்தோம். அப்பா முகம்தான். இந்தி வாயில் நுழையவில்லை. அக்கா மட்டும் பாராட்டினார்.

கதாநாயகிதான் டைரக்டரிடம் சொன்னாள். இந்தியில் சொன்னாள், நான் தமிழில் எழுதுகிறேன். “இத்தனை நாளும் ஒத்திகையில் அப்பா வசனத்தை எனக்கு நீங்கள்தானே சொல்லிக் கொடுத்தீர்கள். நீங்களே உட்காருங்கள்.”

எல்லாரும் ஆமாம் என்றார்கள். கேமராமேன் தொடையில் தட்டினார். டைரக்டர் மட்டும் என்னைப் பார்த்தார். அங்கே அவர் நடித்த காலத்தைப் பார்த்தவன் நான் ஒருவன். நான் தண்டவாளத்தைத் துடைத்துக்கொண்டிருந்தேன்.

மறுநாள், அவள் கிளம்புகிற நாள். தாடியில் வெள்ளை அடித்து, தொளதொள ஸ்வெட்டர் மாட்டி, டைரக்டர் சோபாவில் உட்கார்ந்தார். வீட்டுக்குள் என்பதால் வெறும் சாக்ஸ். ஹாலின் அந்தக் கோடியிலிருந்து சோபா வரைக்கும் தண்டவாளம். பதினாறு அடி. கேமரா தூரத்தில் ஆரம்பித்து, அவளுடைய தோளைத் தாண்டி, அவர் முகத்தில் போய் நிற்க வேண்டும்.

ஒத்திகையில் பேசினார். மாடிப்படியில் இருந்த அக்கா அழுதார். அவருக்கு இந்தி தெரியாது.

கேமரா ஓடியது. சட்டையை யாரும் பிடிக்கவில்லை. ஒத்திகையில் பார்த்து வைத்த கணக்கில் தள்ளினேன். “உங்கம்மா இல்லம்மா” என்று இந்தியில் முதல் வரி வந்தது. அடுத்தது வரவில்லை. சாக்ஸுக்குள் கட்டைவிரல் எழும்பியது. நான் கடைசி வரைக்கும் போய் நின்றேன். கேமரா அவர் முகத்துக்கு நேராக நின்றது. அவர் கேமராவையே பார்த்துக்கொண்டிருந்தார்.

காலை முழுவதும் இதே கதை. ஃபிலிம் ஓடிக்கொண்டே இருந்தது. உதவி டைரக்டர் வசனத் தாளைத் தூக்கித் தூக்கிக் காட்டினாள். அவர் கண் அங்கே போனால் பார்வை கெட்டது. உரக்கச் சொல்லிக் கொடுத்தால் பில் மிஷினில் விழும். மதியம் கேமராமேன் வந்து டைரக்டர் காதில் சொன்னார். கேமராவில் மாட்டியிருப்பதுதான் கடைசி டப்பா. வர வேண்டிய ஃபிலிம் நாளைக்குத்தான் வரும். ஒரு தடவைக்குத்தான் காணும்.

அந்த நேரம் பார்த்து பம்பாயிலிருந்து புரொட்யூசர் போன். அக்கா வீட்டு போன். டைரக்டர் சரி, சரி என்று மட்டும் சொல்லிவிட்டு வைத்தார். எல்லாரையும் சாப்பிட அனுப்பிவிட்டு கராஜுக்குள் போய்விட்டார்.

நான் டீ எடுத்துக்கொண்டு போனேன். குளிர். அவர் ஒரு பழைய சைக்கிள் பக்கத்தில் கவிழ்த்துப் போட்ட பக்கெட் மேல் உட்கார்ந்திருந்தார்.

“சார்.”

“இங்க என்னலே சாரு? யாரு இருக்கா?”

“சரி.”

“இந்த சீன் வரலேன்னா, எடுத்தத அப்படியே கொண்டுவந்து குடுத்துருன்னு சொல்லுதாரு. வேற ஆள வச்சு முடிச்சுக்கிடுவாராம். ரெண்டு படம் போச்சு. இதுவும் போனா, இனி எவன் என்னக் கூப்பிடுவான்?”

நான் டீயை நீட்டினேன்.

“லாரி வருதுலே சுடலை.”

“தெரியும்.”

“அப்பவும் நீதான் ஓட்டிக்கிட்டு வந்த.”

“டிராலிய எடுத்துரச் சொல்லுங்களேன்.”

“எப்படி எடுக்க? தூரத்துல இருந்து அப்பன் மூஞ்சிக்கு வரணும்னு நான்தான எழுதினேன். அடுத்தவன் மூஞ்சின்னு நெனச்சு எழுதிட்டேன்.”

“டீ ஆறுது.”

“நீ ஒண்ணுமே சொல்ல மாட்டியா?”

“சொன்னேனே. டீ ஆறுது.”

அவருக்குச் சிரிப்பு வந்துவிட்டது. டீயைக் குடித்தார். இரண்டு பேரும் எழுந்து உள்ளே போனோம். நாங்கள் எதுவும் பேசி வைத்துக்கொள்ளவில்லை. இதைக் குறித்துக்கொள்ளுங்கள். பின்னால் பலர் நாங்கள் பேசி வைத்துச் செய்தோம் என்று நினைத்தார்கள்.

பில் ஃபிரிட்ஜை அணைத்து, சாவியை உள்ளே வைத்தார். ஜன்னலில் வெளிச்சம் மஞ்சளாகிவிட்டது. நவம்பரில் அங்கே பொழுது சீக்கிரம் சாயும். அக்கா மறந்துபோய் கமர்கட்டோடு வந்துவிட்டார். டைரக்டர் கையெடுத்துக் கும்பிட்டார். அக்கா போய் மாடிப்படியில் உட்கார்ந்தார். நான் முதலில் எழுதினேனே, அந்தந்த இடத்தில் அவரவர் இருந்தோம்.

“ஆக்‌ஷன்” என்று டைரக்டர் சோபாவிலிருந்தே சொன்னார். மூச்சு விட்டார். பேச ஆரம்பித்தார்.

தள்ளினேன். அவர் பேசப் பேச, காலையில் தள்ளிய மாதிரியே. “உங்கம்மா இல்லம்மா.” முதல் வரி வந்தது. சத்தம் சின்னதாக, நன்றாக இருந்தது. நான் காலைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். சாக்ஸுக்குள் கட்டைவிரல் எழும்பியது.

நின்றுவிட்டேன்.

யோசித்து நிற்கவில்லை. யோசிக்க நேரமில்லை. கேமராவுக்கு முன்னால் அவள் தோள் இருந்தது, இன்னும் தாண்டவில்லை. கேமராமேன் காலால் பலகையை ஒரு தட்டுத் தட்டினார். போ என்று அர்த்தம். நான் போகவில்லை. இன்னொரு தட்டு, பலமாக. பில் நிமிர்ந்து பார்த்தார். கேமராமேன் பேச்சைக் கேட்காத டிராலிக்காரனை மறுநாள் யாரும் வேலைக்குக் கூப்பிட மாட்டார்கள். ஊரிலே என் இரண்டு பெண் பிள்ளைகள் படித்துக்கொண்டிருந்தார்கள். எல்லாம் தெரியும். கையைச் சட்டத்தில் வைத்துக்கொண்டு நின்றேன். ஃபிலிம் ஓடுகிற சத்தம் மட்டும், போர்வைக்குள் ஈ பறக்கிற மாதிரி.

அப்போது நடந்தது இது. நான் பக்கவாட்டில் சாய்ந்து பார்த்ததால் அவள் தாடை எனக்குத் தெரிந்தது. தாடை அசைந்தது. சத்தம் இல்லை. அவருடைய அடுத்த வரியை, இத்தனை நாளும் அவர் அவளுக்குச் சொல்லிக் கொடுத்த மாதிரி, அவள் அவருக்கு வாயை மட்டும் அசைத்துச் சொல்லிக்கொண்டிருந்தாள். கேமராவுக்கு அவள் முதுகுதான் தெரியும். பில் மிஷினுக்கு ஒன்றும் கேட்காது. காலையில் நான் ஒவ்வொரு தடவையும் நேராகப் போய் இரண்டு பேருக்கும் நடுவில் கேமராவை நிறுத்தியிருந்தேன். அவள் முகம் அவருக்குத் தெரிந்திருக்காது.

அவர் அவளைப் பார்த்தார். பார்த்துவிட்டுச் சிரித்தார். சின்னச் சிரிப்பு. என் வேலையை என்னிடமே செய்கிறாயா என்கிற சிரிப்பு. அது எங்களுக்குத் தெரிந்த அர்த்தம். படத்தில் பார்க்கிறவர்களுக்கு, மகளுக்கு இதைச் சொல்ல வந்துவிட்டு அவள் முகத்தைப் பார்த்ததும் தாங்காமல் சிரிக்கிற ஒரு அப்பா தெரிவார்.

கட்டைவிரல் இறங்கியது.

“போயி எட்டு மாசமாச்சு” என்றார். “உன் கார்டு வரட்டும்னு இருந்தேன்.” பிறகு எல்லாம் வந்தது. எழுதியது வந்தது. எழுதாதது கொஞ்சம் வந்தது. கேமராமேன் தட்டுவதை எப்போது நிறுத்தினார் என்று எனக்குத் தெரியாது.

பேசி முடித்தார். யாரும் கட் சொல்லவில்லை. கட் சொல்கிறவர் சோபாவில் உட்கார்ந்து அழுதுகொண்டிருந்தார். மற்றவர்களுக்கு அந்த வார்த்தை சொல்லிப் பழக்கமில்லை. ஃபிலிம் தானாகத் தீர்ந்து படபடவென்று அடித்துக்கொண்டது. அப்போதும் யாரும் அசையவில்லை.

“ஏனுங்க” என்றார் அக்கா, மாடிப்படியிலிருந்து, மூக்கை உறிஞ்சிக்கொண்டு. “இப்ப ஃபிரிட்ஜப் போட்டுக்கலாமுங்களா?”

பில் ஹெட்போனைக் கழற்றினார். “க்ளீன்” என்றார்.

கதாநாயகி டிஷ்யூ பெட்டியைக் கொண்டுவந்து அவர் மடியில் வைத்தாள். “கேட்டதா?” என்று கேட்டாள். “நன்றாகக் கேட்டது” என்றார். அவள் ஒரு சத்தமும் போடவில்லை என்பதை மறுபடி சொல்லிக்கொள்கிறேன். சாயங்காலம் அவளை வேனில் நுவார்க் விமான நிலையத்துக்கு ஏற்றிவிட்டோம். வேன் சாவி ஜில்லென்று இருந்தது.

படம் பெரிய ஓட்டம் ஓடவில்லை. ஆனால் ஓடியது. அவரை மறுபடி கூப்பிட்டார்கள். வரிசையாகப் படம் எடுத்தார். நடிக்கவும் கூப்பிட்டார்கள், போகவில்லை. அந்தச் சிரிப்பை எப்படி யோசித்தீர்கள் என்று எல்லாரும் கேட்பார்கள். அவர் ஒவ்வொருவரிடமும் ஒவ்வொன்று சொல்வார். பேச அவருக்கு விஷயமா வேண்டும்? இப்போதும் ஞாயிற்றுக்கிழமை போன் செய்வார். அவர் பேசுவார், நான் கேட்பேன். நடுவில் நிறுத்தி, இருக்கியாலே என்பார். இருக்கேன் என்பேன்.

உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதைச் சொல்லிவிட்டேன். காலைப் பாருங்கள். தட்டினாலும் காலைப் பாருங்கள். நீங்கள் நின்றது தப்பாகப் போனால் திட்டு விழும், வாங்கிக்கொள்ளுங்கள். அதற்குப் பயந்து தள்ளிவிடாதீர்கள்.

அன்றைக்கு எல்லாரும் கேமராவைக் கழற்றிக்கொண்டிருந்தபோது கேமராமேன் என்னிடம் வந்தார். அவர் திட்டவில்லை. ஏன் நின்றாய் என்று கேட்டார். டைரக்டர் சோபாவிலிருந்து எழுந்து வந்தார். தாடியில் வெள்ளை பாதி அழிந்திருந்தது. என் தோளில் தொங்கிய அளவு டேப்பை உருவினார். தரையில் மண்டி போட்டு, தண்டவாளத்தின் சோபா பக்கத்து முனையில் ஒரு நுனியைப் பிடிக்கச் சொல்லி என்னிடம் கொடுத்தார். டிராலி சக்கரம் நின்ற இடம் வரைக்கும் தானே இழுத்துக்கொண்டு போனார்.

“எத்தனடா?” என்றார் கேமராமேன் என்னிடம், அரைகுறைத் தமிழில்.

டைரக்டர் குனிந்து பார்த்தார். வாய் ஓயாதவர், இந்த இரண்டு சொல்லுக்கு மேல் அன்றைக்கு ஒன்றும் பேசவில்லை.

“ஒன்பது அடி.”